பந்தைத் திருப்பிக் கொடுத்த மேனேஜர்

2002 அக்டோபர் 26, கலிபோர்னியாவின் அனஹெய்ம் நகரம். பேஸ்பால் உலகத் தொடரின் ஆறாவது ஆட்டம். ஏழில் நான்கை வெல்லும் அணிக்குக் கோப்பை. சான் பிரான்சிஸ்கோ ஜயன்ட்ஸ் மூன்றை வென்றுவிட்டிருந்தது. ஒன்பது இன்னிங்ஸில் ஏழாவது, 5-0 முன்னிலை, ஒருவர் அவுட். ஓர் இன்னிங்ஸுக்கு மூன்று அவுட். இன்னும் எட்டு அவுட் எடுத்தால் சான் பிரான்சிஸ்கோவுக்கு வந்த பிறகு அந்த அணி காணும் முதல் கோப்பை.

பந்து வீசும் பிட்சர் ரஸ் ஓர்டிஸின் பந்தை அடுத்தடுத்து இரண்டு பேர் அடித்து, ரன்னுக்கு ஓடும் வழியில் உள்ள பேஸ்களில் போய் நின்றார்கள். மேனேஜர் டஸ்டி பேக்கர், அணி உட்காரும் டகவுட்டிலிருந்து எழுந்து நடந்து வந்தார். மேனேஜர் அப்படி பிட்சர் நிற்கும் மண்மேடு வரை நடந்து வந்தால், பிட்சர் பந்தை அவர் கையில் வைத்துவிட்டு வெளியேறுவதுதான் வழக்கம். ஓர்டிஸும் அப்படித்தான் கொடுத்தார். பேக்கர் அந்தப் பந்தை அவரிடமே திருப்பிக் கொடுத்து அனுப்பினார். நீ ஜெயித்த ஆட்டம், ஞாபகமாக வைத்துக்கொள் என்பதுதான் அதற்குப் பொருள்.

அடுத்து வந்த எதிரணியின் ஸ்காட் ஸ்பீசியோ, புதிய பிட்சர் ஃபெலிக்ஸ் ரோட்ரிகஸின் பந்துகளை ஒன்றன்பின் ஒன்றாகத் தட்டித் தட்டி ஓட்டிவிட்டு, கடைசியில் ஒன்றை வலது பக்கச் சுவருக்கு அப்பால் அனுப்பினார். மூன்று ரன். அடுத்த இன்னிங்ஸில் இன்னும் மூன்று. ஜயன்ட்ஸ் 6-5 என்று தோற்றது. மறுநாள் ஏழாவது ஆட்டத்தையும் 4-1 என்று விட்டது.

அந்தப் பந்து எதிரணியை அவமதித்துவிட்டது, அதனால்தான் அவர்கள் வெறியோடு ஆடினார்கள் என்ற பேச்சு இன்றும் உண்டு. எனக்கு அதில் நம்பிக்கை இல்லை. ஆனால் ஒரு மேனேஜரின் தொழில் வாழ்க்கையை எடுத்துப் பிரித்துப் பார்க்க அந்தப் பந்தைவிட நல்ல பிடி கிடைக்காது. பேக்கரின் பலம், அவர்மேல் இருபது ஆண்டு சுமத்தப்பட்ட பழி, இரண்டும் அந்த ஒரு கை அசைவில் இருக்கின்றன.

மேனேஜர் என்பவர் யார்

கிரிக்கெட் பார்த்து வளர்ந்த நமக்கு மேனேஜர் என்றால் விமான டிக்கெட்டும் ஹோட்டல் அறையும் பார்ப்பவர். பேஸ்பாலில் அப்படியில்லை. கேப்டன் களத்தில் எடுக்கும் முடிவு அத்தனையும், பயிற்சியாளர் அறையில் எடுக்கும் முடிவு அத்தனையும் இவர் ஒருவர் தலையில். அறுபது, எழுபது வயதானாலும் ஆட்டக்காரர்களைப் போலவே சீருடை போட்டுக்கொண்டு டகவுட்டில் உட்கார்ந்திருப்பார். ஒரு பருவத்துக்கு 162 ஆட்டம், ஏறத்தாழ தினமும் ஒன்று.

இன்னொரு வித்தியாசம்தான் இந்த ஆய்வுக்கு முக்கியம். கிரிக்கெட்டில் அடி வாங்கும் பவுலரை ஓரமாக நிறுத்திவிட்டு, ஐந்து ஓவர் கழித்து கேப்டன் மறுபடி கூப்பிடலாம். பேஸ்பாலில் வெளியே போனவர் போனவர்தான். அன்றைக்குத் திரும்ப முடியாது. ஆகவே களைத்துப்போன பிட்சரை எப்போது எடுப்பது என்பது திருத்த முடியாத முடிவு. சீக்கிரம் எடுத்தால் ‘நன்றாகப் போட்டுக்கொண்டிருந்தவனை ஏன் எடுத்தாய்’, தாமதித்தால் ‘செத்துப்போன கையை ஏன் விட்டு வைத்தாய்’. ஜெயித்தால் கேள்வியே கிடையாது.

அப்பா, ஆரோன், சீருடை

ஜானி பேக்கர் ஜூனியர் 1949 ஜூன் 15 அன்று கலிபோர்னியாவின் ரிவர்சைடில் பிறந்தார். புழுதியில் புரண்டு விளையாடிய பிள்ளைக்கு ‘டஸ்டி’ என்று பேர் வைத்தது அம்மா. அப்பா கண்டிப்பானவர், சிறுவர் அணிக்குப் பயிற்சியாளராக இருந்தபோது, கோபத்தை அடக்கத் தெரியவில்லை என்று சொந்த மகனையே அணியிலிருந்து நீக்கியவர்.

1967இல், அணிகள் சுற்றுச் சுற்றாகப் புதியவர்களை எடுக்கும் தேர்வில், அட்லாண்டா பிரேவ்ஸ் அணி அவரை 26ஆவது சுற்றில் எடுத்தது. அது வரிசையில் வெகு பின்னால். மகன் கல்லூரிக்குப் போக வேண்டும் என்பது அப்பாவின் பிடிவாதம். மகன் கேட்காமல் ஒப்பந்தத்தில் கையெழுத்துப் போட, அப்பாவுக்கும் மகனுக்கும் இடையே வருஷக்கணக்கில் மனத்தாங்கல். அந்த வெற்றிடத்தில் வந்து நின்றவர் பிரேவ்ஸின் மகா நட்சத்திரம் ஹாங்க் ஆரோன். பையனைத் தன் பிள்ளைபோலப் பார்த்துக்கொள்வதாகப் பேக்கரின் அம்மாவுக்கு வாக்குக் கொடுத்தவர், அதைக் காப்பாற்றவும் செய்தார்.

பந்தைச் சுவருக்கு அப்பால் அடிப்பதுதான் ஹோம் ரன்; ஒரு கறுப்பின ஆட்டக்காரர், பழைய ஜாம்பவான் பேப் ரூத்தின் 714 ஹோம் ரன் சாதனையை நெருங்குவதைப் பொறுக்காமல் ஆரோனுக்குக் கொலை மிரட்டல் கடிதங்கள் வந்து குவிந்த காலம் அது. பேக்கர் அதைப் பக்கத்தில் இருந்து பார்த்தார். 1974 ஏப்ரல் 8 இரவு ஆரோன் 715ஆவது ஹோம் ரன்னை அடித்தபோது, அடுத்து ஆட வேண்டியவராக மட்டையோடு வட்டத்தில் காத்திருந்தவர் அவர்தான். புகழ் உச்சியில், உயிர்ப் பயத்துக்கு நடுவில், ஒரு மனிதர் உடன் ஆடும் இளையவர்களை எப்படி நடத்தினார் என்பதைப் பார்த்துப் படித்ததுதான் பேக்கருக்குக் கிடைத்த மேனேஜர் பயிற்சி என்பேன். அவர் பின்னாளில் செய்த பல காரியங்களுக்கு வேறு மூலம் தேட வேண்டியதில்லை.

ஆட்டக்காரராக அவர் சாதாரணமானவர் அல்ல. மகா நட்சத்திரமும் அல்ல. 19 பருவங்கள், 2,039 ஆட்டங்கள், 1,981 ஹிட் (அடித்து பேஸ் சேர்ந்த பந்துகள்), 242 ஹோம் ரன். 1975 முடிவில் லாஸ் ஏஞ்சலஸ் டாட்ஜர்ஸுக்கு மாறினார். 1977 பருவத்தின் கடைசி நாளில் அவர் 30ஆவது ஹோம் ரன்னை அடிக்க, ஒரே அணியில் நான்கு பேர் முப்பதைத் தொட்டது அதுவே முதல் முறை. ஓடி முடித்து வந்தவரைக் கையை உயர்த்தி வரவேற்றார் இளம் ஆட்டக்காரர் கிளென் பர்க். பேக்கரும் பதிலுக்குத் தட்டினார். உலகம் முழுக்க இன்று பிள்ளைகள் அடித்துக்கொள்ளும் ‘ஹை ஃபைவ்’ பிறந்தது அங்கேதான் என்று பரவலாகச் சொல்வார்கள். 1981இல் டாட்ஜர்ஸோடு உலகத் தொடரையும் வென்றார். 1986இல் ஓய்வு.

பிறகு கொஞ்ச காலம் பங்குத் தரகு வேலை. 1988இல் ஜயன்ட்ஸ் அணி முதல் பேஸ் பயிற்சியாளராகக் கூப்பிட்டது. அடுத்த ஆண்டிலிருந்து பேட்டிங் பயிற்சியாளர். 1989இல் அந்த அணி உலகத் தொடர் வரை போனது. மூன்றாவது ஆட்டம் தொடங்குவதற்குச் சில நிமிடங்கள் முன்பு சான் பிரான்சிஸ்கோவையே உலுக்கிய நிலநடுக்கம் வந்ததும், தொடரை நான்குக்குப் பூஜ்யம் என்று ஓக்லண்டிடம் இழந்ததும் அந்த ஆண்டில்தான்.

103 வெற்றி, வீட்டுக்கு வழி

1992இல் ஜயன்ட்ஸ் 72 ஆட்டம் வென்று 90 தோற்றிருந்தது. அணியையே புளோரிடாவுக்கு விற்கும் பேச்சு கடைசி நேரத்தில் நின்று, புது முதலாளிகள் வந்தார்கள். அவர்கள் அன்றைய பெரிய நட்சத்திரம் பேரி பாண்ட்ஸை வாங்கினார்கள், பேக்கரை மேனேஜராக்கினார்கள். முதல் பருவத்திலேயே 103 வெற்றி. ஒரே ஆண்டில் 31 ஆட்ட முன்னேற்றம்.

அது போதவில்லை. ஜூலையில் பத்து ஆட்டம் பின்தங்கியிருந்த பிரேவ்ஸ் துரத்திக்கொண்டே வந்தது. கடைசி நாள் காலையில் இரண்டும் 103இல் சமம். பிரேவ்ஸ் ஜெயித்தது. ஜயன்ட்ஸ், பேக்கரின் பழைய அணியான டாட்ஜர்ஸிடம் 12-1 என்று அடி வாங்கியது. பிரிவில் முதலிடம் பிடித்தவருக்கு மட்டுமே அடுத்த சுற்று என்பது அன்றைய விதி. அதற்கு அடுத்த ஆண்டே விதியை மாற்றி, இரண்டாமிடத்தில் நல்ல அணிக்கும் ஒரு வாசல் வைத்தார்கள். பேக்கரின் ராசி என்று யாராவது பேசினால் தொடங்க வேண்டிய இடம் இதுதான்.

அந்த ஆண்டின் சிறந்த மேனேஜர் விருது அவருக்குக் கிடைத்தது. 1997, 2000 என்று இன்னும் இரண்டு முறையும். பாண்ட்ஸோடு ஒத்துப்போவது லேசான காரியமல்ல. 2002 ஜூனில் பாண்ட்ஸும் சக ஆட்டக்காரர் ஜெஃப் கென்டும் டகவுட்டிலேயே கைகலந்த காட்சி தொலைக்காட்சியில் ஓடியது. அந்த இருவரையும் ஒரே அறையில் வைத்துக்கொண்டுதான் பேக்கர் நான்கு மாதம் கழித்து உலகத் தொடருக்குப் போனார். அதுவும் 2001 டிசம்பரில் புராஸ்டேட் புற்றுநோய்க்கு அறுவை சிகிச்சை செய்துகொண்டு வந்தவர்.

மனிதர்களைப் பிடித்து வைக்கும் இந்தத் திறமையை அளக்க எந்த அட்டவணையும் இல்லை. அது ஒருவகையில் அவருக்குக் கெட்டதாகவே முடிந்தது. ஜெயிக்கும்போது பாண்ட்ஸ் ஜெயித்தார், தோற்கும்போது பேக்கர் தோற்றார்.

இரண்டு ஆறாவது ஆட்டங்கள்

அனஹெய்முக்கு வருவோம். ஓர்டிஸை எடுத்தது தவறா? 98 பந்து போட்டிருந்தார், இரண்டு பேர் பேஸில். அணியின் பலமே பின்வரிசைப் பிட்சர்கள். ரோட்ரிகஸ், டிம் வொரல், கடைசியில் ராப் நென் என்ற வரிசையில்தான் அந்தப் பருவம் முழுக்க ஆட்டங்களை மூடினார்கள். புத்தகத்தில் இருக்கிறபடி செய்தார் பேக்கர். வெளியே தெரியாத ஒன்று இருந்தது: நென்னின் தோள்பட்டை கிழிந்திருந்தது. அந்தக் கையோடுதான் அன்று எட்டாவது இன்னிங்ஸில் வந்து ட்ராய் கிளாஸிடம் இரண்டு ரன் டபுளை (அடித்தவர் இரண்டாவது பேஸ் வரை போகும் அடி) வாங்கினார். அந்தத் தொடருக்குப் பிறகு நென் ஒரு பந்துகூட லீக்கில் போடவில்லை. முடிவு சரி, ஆள் சரி, கை சரியில்லை.

அதற்கு இரண்டு நாள் முந்தைய ஐந்தாவது ஆட்டத்தை ஜயன்ட்ஸ் 16-4 என்று வென்றது. அன்று மட்டை பொறுக்கும் பையனாக இருந்த பேக்கரின் மூன்றரை வயது மகன் டேரன், ஆட்டம் நடக்கும்போதே வீட்டு பேஸ் பக்கம் ஓட, ரன் எடுத்து ஓடிவந்த ஜே. டி. ஸ்னோ சட்டையைப் பிடித்துத் தூக்கிக்கொண்டு போனார். அடுத்த ஆண்டே மட்டைப் பையன்களுக்குக் குறைந்தது 14 வயது ஆகியிருக்க வேண்டும் என்று விதி வந்தது. அப்பாவுக்குத் தாமதமாக ஒரு விதி மாறியது போதாதென்று மகனுக்காகவும் ஒன்று.

உலகத் தொடர் வரை கொண்டுபோனவருக்கு ஜயன்ட்ஸில் ஒப்பந்தம் நீளவில்லை. முதலாளியோடு உறவு கசந்திருந்தது. 2003இல் சிகாகோ கப்ஸுக்குப் போனார். 1908க்குப் பிறகு அன்றுவரை கோப்பையே காணாத அணி.

அக்டோபர் 14. லீக் இறுதித் தொடர், மறுபடி ஆறாவது ஆட்டம், மறுபடி மூன்று வெற்றி கையில். புளோரிடா மார்லின்ஸுக்கு எதிராக எட்டாவது இன்னிங்ஸில் 3-0 முன்னிலை, ஒருவர் அவுட். உலகத் தொடருக்கு ஐந்து அவுட் பாக்கி. மேட்டில் 23 வயது மார்க் ப்ரையர், அந்தப் பருவத்தில் 18 வெற்றி, 6 தோல்வி. எல்லைக்கோட்டருகே விழுந்த பந்தைப் பிடிக்க கப்ஸின் மொய்சஸ் அலூ எகிறியபோது, பார்வையாளர் ஒருவரின் கை அதில் பட்டது. ஊர் முழுக்க அந்த மனிதரைத் துரத்தியது. பாவம், பல வருஷம் தலைமறைவாக வாழ வேண்டியிருந்தது. அதற்குப் பிறகு ஒரு வாக் (பிட்சரின் தவறான பந்துகளால் அடிக்காமலே கிடைக்கும் பேஸ்), ஒரு ஹிட், பிறகு இரண்டு பேரை அவுட்டாக்கியிருக்கக்கூடிய உருண்ட பந்தை, இரண்டாவது, மூன்றாவது பேஸ்களுக்கு நடுவே நிற்கும் ஷார்ட்ஸ்டாப் அலெக்ஸ் கொன்ஸாலெஸ் நழுவ விட்டது, பிறகு டெரக் லீயின் இரண்டு ரன் டபுள். ஸ்கோர் சமமான பிறகே பேக்கர் ப்ரையரை எடுத்தார். 119 பந்து. அந்த இன்னிங்ஸில் மொத்தம் எட்டு ரன். மறுநாள் ஏழாவது ஆட்டமும் போயிற்று.

ஆக, அனஹெய்மில் எடுத்ததால் தோற்றவர், சிகாகோவில் எடுக்காததால் தோற்றவர். இரண்டுக்கும் ஒரே மாதிரி திட்டு.

என் கணக்கில் இரண்டும் ஒன்றல்ல. முதலாவதில் பேக்கர்மேல் குற்றம் இல்லை. இரண்டாவதில் உண்டு, ஆனால் எல்லோரும் சுட்டும் இடத்தில் அல்ல. அன்றைய எட்டாவது இன்னிங்ஸைவிட அதற்கு முந்தைய மாதம்தான் பிரச்சினை. செப்டம்பரில் பல ஆட்டங்களில் ப்ரையரை 120க்கு மேல், சிலவற்றில் 130ஐயும் தாண்டிப் பந்து போட வைத்திருந்தார். இன்னொரு பிட்சர் கெரி வுட்டுக்கும் ஏறத்தாழ அதே பாரம். அடுத்தடுத்த ஆண்டுகளில் இருவரும் காயத்தில் விழுந்தார்கள். ப்ரையர் கடைசியாக லீக்கில் ஆடியது 2006. ‘பிட்சர்களின் கையைத் தின்பவர்’ என்ற பெயர் பேக்கருக்கு ஒட்டிக்கொண்டது. முழுதும் நியாயமும் அல்ல அது: ப்ரையர் 2003இல் ஓடும்போது மோதி விழுந்தார், 2005இல் அடித்த பந்து நேரே முழங்கையில் பட்டது. இவற்றைப் பந்து எண்ணிக்கையில் சேர்க்க முடியாது. இருந்தாலும், ‘நீ போட முடியும், உன்னை நம்புகிறேன்’ என்று சொல்லும் மேனேஜரிடம் 23 வயதுப் பையன் ‘முடியாது’ என்று சொல்ல மாட்டான். அந்த நம்பிக்கைக்கு ஒரு விலை இருந்தது; அதைக் கட்டியது பையனின் கை.

ஜெயித்துவிட்டு வேலை போகிறது

கப்ஸ் 2006இல் 96 ஆட்டம் தோற்றதும் அனுப்பியது. அதில் ஆச்சரியமில்லை. ஆச்சரியம் அடுத்த இரண்டு இடங்களில். சின்சினாட்டி ரெட்ஸை 2010, 2012 என்று இரண்டு முறை பிரிவில் முதலிடத்துக்குக் கொண்டுவந்தார். 2012 செப்டம்பரில் இதயத் துடிப்புக் கோளாறோடு லேசான பக்கவாதம் வந்து ஆஸ்பத்திரியில் கிடந்து திரும்பினார். அக்டோபரில் சான் பிரான்சிஸ்கோவில் முதல் இரண்டையும் வென்றுவிட்டு, சொந்த ஊரில் மூன்றையும் வரிசையாக விட்டார். 2013இல் 90 வெற்றி, ஒற்றை நாக்-அவுட்டில் தோல்வி, வேலை காலி. வாஷிங்டன் நேஷனல்ஸில் 2016இல் 95, 2017இல் 97 வெற்றி. இரண்டு முறையும் முதல் சுற்றின் ஐந்தாவது ஆட்டத்தில் ஒரே ஒரு ரன்னில் தோல்வி. ஒப்பந்தம் புதுப்பிக்கப்படவில்லை.

இந்தக் கட்டத்தில் பேஸ்பால் நிர்வாகமே மாறியிருந்தது. யாரை எந்த இன்னிங்ஸில் எடுப்பது என்பதைக் கணினி சொன்னது. மேனேஜர் என்றால் அதைக் கேட்டு நடக்கும் நாற்பது வயதுக்காரர் என்று ஆனது. பல்லில் குச்சியோடு, கையில் உறையோடு, நோட்டில் பேனாவால் ஸ்கோர் எழுதும் கிழவரைக் கூப்பிட ஆளில்லை.

நாற்றம் போக்க ஒருவர்

கூப்பிட வைத்தது ஒரு மோசடி. ஹூஸ்டன் ஆஸ்ட்ரோஸ் கோப்பை வென்ற 2017 பருவத்தில், எந்தப் பந்து போட வேண்டும் என்று எதிரணி கேட்சர் தன் பிட்சருக்குக் காட்டும் சைகைகளைக் கேமரா வைத்துப் பார்த்து, குப்பைத் தொட்டியைத் தட்டித் தங்கள் ஆட்டக்காரருக்குத் துப்புக் கொடுத்தது வெளிவந்தது. 2020 ஜனவரி 13 அன்று லீக் 50 லட்சம் டாலர் அபராதம் விதித்து, பொது மேலாளர் ஜெஃப் லூனோவையும் மேனேஜர் ஏ. ஜே. ஹின்ச்சையும் ஓராண்டு தடை செய்தது. அன்றே முதலாளி இருவரையும் நீக்கினார். ஆட்டக்காரர்களுக்குத் தண்டனை இல்லை. பயிற்சி முகாம் தொடங்க வாரங்களே இருந்தன. நாடே காறித் துப்பும் ஓர் அணிக்கு முன்னால் யாரை நிறுத்துவது?

70 வயது பேக்கரை நிறுத்தினார்கள். விஷயம் தெரிந்தவர்களுக்கு இது பேக்கருக்குச் செய்த உபகாரம் அல்ல என்பது புரியும். அந்த முகம் அவர்களுக்குத் தேவைப்பட்டது. எந்த ஊர் பத்திரிகையாளரும் மரியாதை வைத்திருந்த, கறை படியாத முகம். கணக்கில் வராதது என்று பத்தாண்டாக ஒதுக்கப்பட்ட சரக்கு சில வாரத்தில் விலைபோனது.

2021இல் உலகத் தொடருக்குப் போனார். எதிரே, தன்னை வளர்த்த அட்லாண்டா பிரேவ்ஸ். ஆரோன் அந்த ஜனவரியில்தான் காலமாகியிருந்தார். பிரேவ்ஸின் மேனேஜர் பிரையன் ஸ்னிட்கரும், மேனேஜராக முதல் வாய்ப்பை ஆரோன் கையால் பெற்றவர். ஸ்னிட்கரின் மகன் ட்ராய் ஆஸ்ட்ரோஸில் பேக்கருக்குக் கீழே பேட்டிங் பயிற்சியாளர். ஆறாவது ஆட்டத்தில் 7-0 என்று ஆஸ்ட்ரோஸ் தோற்றது. அன்று யாரும் பேக்கரின் முடிவுகளைக் கிளறவில்லை. கிளற எதுவும் இல்லாத தோல்வி.

2022 மே 3 அன்று 2,000 வெற்றிகளை எட்டிய முதல் கறுப்பின மேனேஜர் ஆனார். அந்தப் பருவம் 106 வெற்றி. உலகத் தொடரில் பிலடெல்பியா ஃபிலீஸ். முதல் ஆட்டத்தில் 5-0 முன்னிலை, ஜஸ்டின் வெர்லாண்டரை விட்டு வைத்தார், 6-5 என்று தோற்றார். அனஹெய்மின் அதே ஸ்கோர். மூன்றாவதில் லான்ஸ் மெக்கல்லர்ஸை ஐந்து ஹோம் ரன் வாங்கும்வரை விட்டு வைத்தார். இணையத்தில் பழைய கச்சேரி ஆரம்பமானது: கிழவர் திருந்தவே மாட்டார்.

மறுநாள் கிறிஸ்டியன் ஹாவியர் ஆறு இன்னிங்ஸில் ஒரு ஹிட்கூடக் கொடுக்கவில்லை. 97 பந்து. உலகத் தொடரில் ஒரு பிட்சர் தனியாக ஹிட்டே கொடுக்காமல் முடித்தது 1956இல் ஒரே ஒரு முறை. அந்தச் சரித்திரம் கைக்கெட்டும் தூரத்தில் இருந்தபோது பேக்கர் ஹாவியரை எடுத்தார். பின்னால் வந்த மூவரும் ஹிட் கொடுக்காமல் முடித்தார்கள். பிடிவாதக்காரர் என்று பேரெடுத்தவர் 24 மணி நேரத்தில் எதிர் முடிவு எடுத்தார். அவரிடம் எடுப்பது, விடுவது என்ற கொள்கையே இருந்ததில்லை என்று நான் நினைப்பதற்கு இந்த இரண்டு இரவுகள்தான் ஆதாரம். ஆளைப் பார்த்து முடிவெடுத்தார். ஆள் கணிப்பு சில நாள் பிசகியது.

அந்தத் தொடரில் இரு அணியிலும் அமெரிக்காவில் பிறந்த கறுப்பின ஆட்டக்காரர் ஒருவர்கூட இல்லை; 1950க்குப் பிறகு அப்படி நேர்ந்தது முதல் முறை. ஆரோனின் நிழலில் வளர்ந்தவர் டகவுட்டில் உட்கார்ந்து அதையும் பார்த்தார்.

26 பருவம், 2,183 வெற்றி, ஐந்து வெவ்வேறு அணிகளைப் பிரிவில் முதலிடத்துக்குக் கொண்டுவந்த ஒரே மேனேஜர் என்ற கணக்கோடு 2023 அக்டோபரில் ஓய்வு பெற்றார். அதற்கு ஓராண்டு முன்பு, 2022 நவம்பர் 5 அன்று, ஹூஸ்டனில் மீண்டும் ஓர் ஆறாவது ஆட்டம். ஆஸ்ட்ரோஸ் கையில் மூன்று வெற்றி. ஆறாவது இன்னிங்ஸில் ஃபிலீஸ் 1-0 முன்னிலை. அவர்களுடைய பிட்சர் ஸாக் வீலர் பிரமாதமாகப் போட்டுக்கொண்டிருந்தார், 70 பந்துதான் ஆகியிருந்தது. இரண்டு பேர் பேஸில், ஒருவர் அவுட். ஃபிலீஸ் மேனேஜர் ராப் தாம்சன் டகவுட்டிலிருந்து எழுந்து மண்மேட்டுக்கு நடந்தார். வீலரை எடுத்துவிட்டு, இடது கை ஹோசே அல்வராடோவைக் கொண்டுவந்தார். இடது கை மட்டையாளர் யோர்டான் அல்வாரெஸுக்கு எதிராகப் புத்தகம் சொல்வதும் அதைத்தான்.

அல்வாரெஸ் அடித்த பந்து மையச் சுவருக்கு வெகு அப்பால் போய் விழுந்தது. மூன்று ரன். ஆட்டம் 4-1 என்று முடிந்தது. 73 வயது பேக்கரை ஆட்டக்காரர்கள் கட்டிப்பிடித்துக்கொண்டார்கள். பிறகு பத்திரிகையாளர் அறையில் அந்தப் பழைய கேள்வி வந்தது: நன்றாகப் போட்டுக்கொண்டிருந்தவரை ஏன் எடுத்தீர்கள்? இந்த முறை பதில் சொல்ல வேண்டியிருந்தது தாம்சன்.